மலைநாட்டில் மூன்று நாள் நடை



யாழ்ப்பாணக் குடாநாட்டில் பிறந்து வளர்ந்தோருக்கு மலை என்பது பாடப் புத்தகத்தில் உள்ள ஒரு சொல்லே. நமக்கு மலையும் இல்லை. ஆண்டு முழுவதும் ஓடும் ஆறும் இல்லை. கீரிமலை என்றொரு தலம் உண்டு. ஆனால் அங்கே நாம் நாடிச் செல்வது மலையை அன்று. கடலோரத்து நன்னீர்க் கேணியை. வழுக்கியாறு என்றொரு பெயரும் உண்டு. மாரி காலத்தில் மட்டுமே அது ஆறு. சுண்ணாம்புக் கல்லின் மேல் படிந்த செம்மண்ணைக் கொத்தி, கிணற்று நீரை இறைத்து, புகையிலையும் வெங்காயமும் விளைவித்துச் சமதரையில் வாழ்ந்த மக்கள் நாம். ஆகவே மலையைக் காணும்போது நமக்கு உண்டாகும் வியப்பு சற்று மிகையானதுதான்.

அந்த வியப்போடு பல ஆண்டுகள் நான் மலைநாட்டுக்குச் சென்று வந்திருக்கின்றேன். கல்விச் சுற்றுலா என்றால் என்னவென்பதை நீங்கள் அறிவீர்கள். ஒரு பேருந்தில் ஐம்பது மாணவர். முன்னிருக்கையில் நாலைந்து ஆசிரியர். பின்னிருக்கையில் மேளமும் பாட்டும். பேராதனைப் பூங்காவில் ஒரு மணி நேரம், நுவரெலியாவில் அரை நாள், வழியில் தென்படும் அருவியின் முன் ஒரு நிழற்படம். திரும்பி வந்ததும் மாணவர் கட்டுரை எழுதுவர். “எங்கும் பச்சைக் கம்பளம் விரித்தாற்போல்” என்று அது தொடங்கும். நானும் எண்பது புள்ளி இடுவேன். அந்தக் கம்பளத்தை நெய்தவர் யார் என்று எந்த மாணவரும் எழுதியதில்லை. நானும் கேட்டதில்லை.

2024ஆம் ஆண்டு சித்திரை விடுமுறையில்தான் அந்தக் குறை ஓரளவு நீங்கியது. நாங்கள் எட்டுப் பேர். ஆசிரியர்களும் ஓய்வுபெற்ற இரு உத்தியோகத்தர்களும். மூன்று நாட்கள்; பெரும்பகுதி கால்நடை. எமக்கு வழிகாட்ட ஹப்புத்தளைப் பக்கத்துத் தோட்டமொன்றைச் சேர்ந்த இளைஞர் ஒருவரை அமர்த்திக்கொண்டோம். அண்மைக் காலத்தில் கண்டி ஹந்தானையிலிருந்து நுவரெலியா வரையில் பழைய தோட்டப் பாதைகளை இணைத்து, 300 கிலோமீற்றருக்கு மேற்பட்ட நடைவழியொன்றை 22 பிரிவுகளாக வகுத்திருக்கின்றார்கள். பெக்கோ பாதை என்பது அதன் பெயர். அதில் நடக்க வரும் வெளிநாட்டாருக்கு வழிகாட்டிப் பழகியவர் எங்கள் தம்பி.

யாழ்ப்பாணத்திலிருந்து கண்டிக்குச் செல்லும் ஏ-ஒன்பது வீதியின் நீளம் 321 கிலோமீற்றர். அதிகாலையில் புறப்பட்டு, மாத்தளையில் மதிய உணவு உண்டு, இருட்டிய பின்னரே ஹப்புத்தளையை அடைந்தோம். இரவுணவின்போது, மாத்தளையில் என்ன பார்த்தீர்கள் என்று தம்பி வினவினார். கோயிற் கோபுரத்தைப் பார்த்தோம் என்றோம். அவர் சிறிது நேரம் பேசாதிருந்துவிட்டுச் சொன்னார்: “எங்கள் பாட்டன் முப்பாட்டனார் மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளை வரைக்கும் நடந்தே வந்தவர்கள். பசியாலும் காய்ச்சலாலும் வழியிலேயே விழுந்தவர்கள் எத்தனையோ பேர். நீங்கள் வாகனத்தில் வந்த வீதியிலும் அவர்கள் நடந்த தடம் இருக்கிறது, டீச்சர்.”

அந்த வருகைக்கு இருநூறு ஆண்டுகள் நிறைவுற்றதை நினைந்து, 2023ஆம் ஆண்டு யூலை இறுதியிலிருந்து ஆகத்து வரை தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு ஒரு நடைபயணம் நடைபெற்றது. அதிற் சில நாட்கள் தாமும் நடந்ததாகத் தம்பி கூறினார். அந்தச் செய்தியை நான் பத்திரிகையில் வாசித்துவிட்டு அடுத்த பக்கத்தைப் புரட்டியது அப்போது நினைவுக்கு வந்தது.

இரண்டாம் நாள் விடியுமுன் ஹோட்டன் சமவெளிக்குப் புறப்பட்டோம். கடல்மட்டத்திலிருந்து 2,000 மீற்றருக்கு மேற்பட்ட உயரத்தில் அமைந்த புல்வெளி அது. 1988ஆம் ஆண்டில் தேசியப் பூங்காவாக்கப்பட்டது. 2010ஆம் ஆண்டில் மத்திய மலைநாட்டின் ஏனைய இரு காடுகளோடு சேர்த்து உலக மரபுரிமைப் பட்டியலில் இடம்பெற்றது. வாயிலில் எம் பைகளைச் சோதித்துப் பொலித்தீன் உறைகளை அகற்றினார்கள். கையில் இருந்த பனங்கட்டிக் குட்டான்களுக்கு மட்டும் தடை இல்லை. ஓலையிற் கட்டியவை அல்லவா!

நடக்கத் தொடங்குமுன் தம்பி ஒரு விதி சொன்னார். முன்னே செல்பவர் அவர். ஆனால் வேகத்தைத் தீர்மானிப்பவர் கடைசியில் வருபவர். கடைசியில் வந்தவர் முழங்கால் நோவுடைய ஓய்வுபெற்ற உத்தியோகத்தர். அவர் நின்றால் எல்லாரும் நிற்க வேண்டும். முதலில் இது சிலருக்குச் சலிப்பாகவே இருந்தது. ஆனால் நின்ற இடங்களிலேதான் நாங்கள் எதையும் பார்த்தோம். பனி ஈரத்தில் மேய்ந்துகொண்டிருந்த மரையைக் கண்டது அவர் மூச்சு வாங்க நின்றபோதுதான். முப்பது ஆண்டுகள் வகுப்பறையில் நின்ற எனக்கு அந்த விதி புதிதாகத் தோன்றியது வெட்கத்துக்குரியது.

உலக முடிவு எனப்படும் செங்குத்துப் பாறையின் விளிம்பை ஏழரை மணிக்கு அடைந்தோம். கீழே ஏறத்தாழ 870 மீற்றர் ஆழம். ஒன்பது மணியளவில் பள்ளத்திலிருந்து புகார் எழுந்து யாவற்றையும் மூடிவிடும். பிந்தி வருவோர் காண்பது வெண்திரை ஒன்றையே. எங்களுக்குத் தென்திசைச் சமவெளி தெளிவாகத் தெரிந்தது. ஆயினும் என் மனத்தில் நின்றது அந்தப் பள்ளம் அன்று. திரும்பும் வழியில் ஈரம் கசிந்த புற்றரையைத் தம்பி காலால் மெல்ல அழுத்திக் காட்டினார். மகாவலி, களனி, வளவை என்னும் மூன்று ஆறுகளும் இம்மேட்டு நிலத்திலிருந்து நீர் பெறுகின்றன என்றார். புகாரும் மழையும் இந்தப் புல்லிலும் பாசியிலும் தங்கிச் சிறுகச் சிறுக இறங்குகின்றன. எங்கள் ஊரில் மழைநீர் சுண்ணாம்புக் கல்லினூடே இறங்கிக் கிணற்றில் நிற்பதை அறிந்த எமக்கு அது விளங்கியது. நீரைச் சேமிக்கும் இடம் எதுவோ அதுவே ஊரின் உயிர்.

மூன்றாம் நாள்தான் நான் உங்களிடம் முக்கியமாகச் சொல்ல விரும்புவது.

ஹப்புத்தளைக்கு அப்பால் தம்பேதன்னை என்னும் தோட்டம் உளது. 1890ஆம் ஆண்டில் இலங்கைக்கு வந்த தோமஸ் லிப்டன் அங்கே தொழிற்சாலை அமைத்தார். தொழிற்சாலையிலிருந்து மலையுச்சிவரை, அவர் அமர்ந்து தம் தோட்டங்களைப் பார்த்த இடம்வரை, ஏழு கிலோமீற்றர் ஏற்றப் பாதை. முச்சக்கர வண்டியிற் போகலாம், நாங்கள் நடந்தோம். கோப்பிப் பயிரை 1869 முதல் ஓர் இலைநோய் அழித்ததையும், 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் நட்ட தேயிலை அதன் இடத்தைப் பிடித்ததையும் நான் வகுப்பில் கற்பித்திருக்கின்றேன். ஆனால் பிரட்டுக் களம், கொழுந்து மடுவம், பிள்ளைக் காம்பரா என்னும் சொற்களை அன்றுதான் அவற்றுக்குரிய இடத்தில் நின்று கேட்டேன். விடியற்காலை வேலை பிரிக்கும் இடம் பிரட்டுக் களம். கொழுந்தை நிறுக்கும் கொட்டில் மடுவம். தாய்மார் வேலைக்குச் செல்லும்போது குழந்தைகளை விட்டுச் செல்லும் இடம் பிள்ளைக் காம்பரா.

“தம்பி, உம்முடைய வீடு எந்தப் பக்கம்?” என்று கேட்டேன். சரிவின் கீழே ஒரே கூரையின் கீழ் நீண்டு கிடந்த லயத்தைக் காட்டினார். அவருடைய பாட்டனார் 1948ஆம் ஆண்டுச் சட்டத்தால் குடியுரிமை அற்றவரானார். 1964ஆம் ஆண்டு சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தம், 525,000 பேரை இந்தியாவும் 300,000 பேரை இலங்கையும் ஏற்பதென வகுத்தது. பாட்டனாரின் தமையன் இந்தியாவுக்குப் போனார். இவர் இங்கே தங்கினார். பின்னர் இருவரும் சந்திக்கவே இல்லை. இங்கேயே வாழ்ந்தும் குடியுரிமை பெறாதிருந்தோருக்கு வழி பிறந்தது 2003ஆம் ஆண்டுச் சட்டத்தால்.

சற்று மேலே பெண்கள் கொழுந்து பறித்துக்கொண்டிருந்தனர். படம் எடுக்குமுன் கேட்டுக்கொள்ளுங்கள் என்று தம்பி கூறினார். கேட்பதற்காக நெருங்கியபோதுதான் பேச்சு வந்தது. ஏறத்தாழ என் வயதுடைய தாய் ஒருத்தி. இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகக் கிள்ளும் விரல்கள் பேசும்போதும் நிற்கவில்லை. நாளொன்றுக்குப் பதினெட்டுக் கிலோ பறித்தாற்றான் முழுப்பேர்; குறைந்தால் அரைப்பேர். அப்போது முழுநாட் கூலி 2021ஆம் ஆண்டில் நிர்ணயிக்கப்பட்ட 1,000 ரூபா. நாலரைக் கிலோ அளவு பச்சைக் கொழுந்து வாடி, உருண்டு, புளித்து, காய்ந்து ஒரு கிலோ தேயிலையாகின்றது. அப்படியானால் அவளுடைய ஒரு நாள் உழைப்பு நாலு கிலோ தேயிலை.

“டீச்சர் யாழ்ப்பாணமா? எங்க அக்கா குடும்பம் எழுபத்தேழு கலவரத்திலே கிளிநொச்சிப் பக்கம் போயிட்டாங்க” என்றாள் அவள்.

நேயர்களே, நான் ஆசிரியப் பணியைத் தொடங்கியது கிளிநொச்சி மாவட்டத்துப் பாடசாலை ஒன்றில். என் வகுப்பின் கடைசி வாங்கில் ஒரு பையன் இருந்தான். அவனுடைய பெற்றோரும் மலைநாட்டிலிருந்து வந்தவர்கள். ஏனைய பிள்ளைகள் அவனை ஒரு சொல்லால் அழைப்பார்கள். வடக்கிலே வாழ்வோர் அச்சொல்லை அறிவர். வானொலியில் அதைச் சொல்ல நான் விரும்பவில்லை. நான் அதைக் கேட்டேன். கேட்டும் கரும்பலகையில் எழுதிக்கொண்டிருந்தேன். அதட்டியிருக்கலாம், ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். அடுத்த தவணைக்கு அவன் வரவில்லை. ஏன் வரவில்லை என்று நான் வீடு தேடிச் சென்று கேட்கவுமில்லை.

அந்தத் தாயிடம் இதைச் சொல்ல எனக்கு நா எழவில்லை. கூடையைச் சற்றுத் தரமுடியுமா என்று மட்டும் கேட்டேன். சிரித்துக்கொண்டே கயிற்றை என் தலையில் மாட்டிவிட்டாள். பாதியளவே நிரம்பிய கூடை. பத்து அடி நடப்பதற்குள் பிடரி வலித்தது. நான் கொண்டு சென்ற பனங்கட்டிக் குட்டானை அவளிடம் கொடுத்தேன். இதைக் கடித்துக்கொண்டுதான் நாங்கள் உங்கள் தேநீரைக் குடிக்கின்றோம் என்றேன். அவ்வளவுதான் என்னாற் சொல்ல முடிந்தது.

உச்சியில் லிப்டனின் சிலை தேநீர்க் கோப்பையுடன் அமர்ந்திருக்கின்றது. கூடை சுமந்து ஏறியவர்களுக்கு அங்கே நான் சிலை எதையும் காணவில்லை. கொஸ்லந்தைத் திசையில் தம்பி கை நீட்டினார். 2014ஆம் ஆண்டு ஒற்றோபர் 29ஆந் திகதி காலை மீரியபெத்தையில் மண் சரிந்து லயங்களை மூடியது அந்தப் பக்கத்திலேதான். அச்செய்தியை நான் வானொலியிற் கேட்டேன். கேட்டுவிட்டுப் பாடசாலைக்குப் புறப்பட்டேன்.

2025ஆம் ஆண்டு நவம்பர் இறுதியில் டிட்வா புயல் வந்தபோதும் வானொலியிற் கேட்டேன். மலைநாடெங்கும் மண்சரிவு, பாதைகளும் பாலங்களும் அழிவு. இம்முறை எழுந்து போக முடியவில்லை. அந்த லயத்தின் கூரை கண்முன் நின்றது. இரண்டு நாட்கள் முயன்ற பின் தொலைபேசியில் தம்பியின் குரல் கேட்டது. வீட்டாருடன் ஒரு பாடசாலையிற் தங்கியிருப்பதாகச் சொன்னார். நாங்கள் எட்டுப் பேரும், எம் பாடசாலைப் பிள்ளைகளும் சேர்ந்து அரிசியும் உடுபுடைவையும் திரட்டி அனுப்பினோம். அது பெரிய உதவி அன்று. ஆனால் யாருக்கு அனுப்புகின்றோம் என்பது எங்களுக்குத் தெரிந்திருந்தது.

ஆகவே மலைநாடு செல்ல விரும்பும் நேயர்களுக்குச் சில வார்த்தைகள். எட்டுப் பத்துப் பேருக்கு மேற்படாமற் செல்லுங்கள். ஒற்றையடிப் பாதையில் வழிகாட்டியின் குரல் கடைசியாளுக்கும் கேட்க வேண்டும். அவ்வூரில் வாழும் ஒருவரையே வழிகாட்டியாகக் கொள்ளுங்கள். பேசிய கூலியைக் குறைக்காதீர்கள். மண்சரிவு எச்சரிக்கை உள்ள நாட்களிற் பயணத்தைத் தள்ளிவையுங்கள். விடியற்காலையிற் புறப்படுங்கள், பிற்பகல் மழைக்கு இடங்கொடுங்கள். அட்டைக் கடிக்கு உப்பும் சவர்க்காரமும், நல்ல பாதணியும் எடுத்துச் செல்லுங்கள். கேளாமற் படம் எடுக்காதீர்கள். உங்களுள் மெதுவாக நடப்பவரை முன்னிட்டே நடையை வகுத்துக்கொள்ளுங்கள்.

இப்போது எம் மாணவருக்கு ‘மலைநாட்டின் எழில்’ என்று நான் கட்டுரைத் தலைப்புக் கொடுப்பதில்லை. ‘எங்கள் வீட்டுத் தேநீர் யார் கையால் வந்தது’ என்று கொடுக்கின்றேன். கடைசி வாங்கில் இருக்கும் பிள்ளையை எவராவது இழித்துப் பேசினால், கரும்பலகையை விட்டுத் திரும்பிப் பார்க்கின்றேன். முப்பது ஆண்டுகள் பிந்தித் திரும்பிய திருப்பம் அது. அந்தப் பையன் இன்று எங்கேனும் இருந்து இந்த வானொலியைக் கேட்பானாயின், அவனுடைய ஆசிரியை அவன் பெயரை இன்னும் மறக்கவில்லை என்பதை அறியட்டும்.