வந்த செய்தியைப் பகிருமுன்
(ஜமாஅத் ஆண்டு விழாவில் மாணவர்களிடையே ஆற்றிய உரை)



2018 மே 9 அன்று, நமக்கு அடுத்த திருவண்ணாமலை மாவட்டத்தில், போளூர் அருகேயுள்ள அத்திமூரில் நிகழ்ந்ததை உங்களுக்கு நினைவூட்ட விரும்புகிறேன். குலதெய்வக் கோயிலைத் தேடி ஒரு குடும்பத்தார் சென்னையிலிருந்து காரில் வந்தனர். அவர்களுள் 60 வயதைக் கடந்த மூதாட்டி ஒருவர், வழியில் நின்ற சிறுவர்களுக்கு மிட்டாய் கொடுத்தார். நம் வீட்டுப் பாட்டிமார் எவரும் செய்யக்கூடியதே. ஆனால் பிள்ளை பிடிப்போர் வந்துள்ளனர் என்னும் வாட்ஸ்அப் வதந்தி அவர்களுக்கு முன்பே அப்பகுதியை அடைந்திருந்தது. கூட்டம் சூழ்ந்து தாக்கியதில் அம்மூதாட்டி உயிரிழந்தார். உடன் வந்தோர் படுகாயமுற்றனர். அடிபடும் காட்சியையும் படமெடுத்துப் பகிர்ந்தனர் என்பது இன்னும் கொடுமை.

அவ்வாண்டு நாடெங்கும் பரவிய படங்களுள் ஒன்று, கராச்சியில் குழந்தைப் பாதுகாப்புக்காக எடுக்கப்பட்ட விழிப்புணர்வுப் படம். குழந்தையைத் திரும்ப விட்டுச் செல்லும் இறுதிக் காட்சியை எவரோ வெட்டிவிட்டனர்.

அவற்றைப் பகிர்ந்தவர்களுள் பெரும்பாலோர் கொலைகாரர் அல்லர். நாலு பேருக்குத் தெரியட்டும், பிள்ளைகள் பத்திரமாக இருக்கட்டும் என்ற நல்ல எண்ணத்தில் அனுப்பியவர்களே. மாணவர்களே, நான் அஞ்சுவது இந்த நல்லெண்ணத்தைத்தான். கெட்டதென்று தெரிந்தால் நீங்கள் அனுப்ப மாட்டீர்கள். (ஃபஜ்ரு தொழுதவுடன் கைப்பேசியைத் திறக்கும் பெரியவர்களான நாங்களும் இதில் உங்களுக்குச் சளைத்தவர்கள் அல்லர்.)

2018 ஜூலையில் வாட்ஸ்அப் நிறுவனம், இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து உரையாடல்களுக்கு மேல் அனுப்ப இயலாதவாறு வரம்பிட்டது. ஐந்து குழுக்களில் எத்தனை நூறு பேர் இருக்கின்றனர் என எண்ணிப் பாருங்கள். வந்த செய்தியைத் தீர விசாரிக்குமாறு சூரத்துல் ஹுஜுராத்தின் 6ஆவது வசனம் கட்டளையிடுகிறது. அறியாமையால் ஒரு கூட்டத்தாருக்குத் தீங்கிழைத்துவிடுவோம் என்பதே அது கூறும் காரணம்.

நம் ஊருக்கும் துணி விற்போர், ரமலானில் உதவி கேட்டு வருவோர், வடநாட்டுத் தொழிலாளர் எனப் பலர் வருகின்றனர். அவர்களின் முகத்தைப் படமெடுத்து, "உஷார்" என்று எழுதி அனுப்பாதீர்கள். ஏற்கெனவே பொய்யொன்றை அனுப்பியிருந்தால் அழிப்பது மட்டும் போதாது. அடியார்களின் ஹக்கில் செய்த தவறாயிற்றே. அனுப்பிய அதே குழுக்களில் "நான் அனுப்பியது தவறு" என்று எழுதுங்கள். உண்மையிலேயே குழந்தைக்கு ஆபத்தென்று தோன்றினால் 1098 என்ற எண்ணை அழையுங்கள்.

வஸ்ஸலாம்.