திரைக்குப் பின்னே ஒரு நிர்வாகி

 

மேல்வகுப்பு மாணவரிடம், என்னவாக விரும்புகிறீர்கள் என வினவினால், சிலர் நாணத்தோடு "சினிமா" என்பர். அதைக் கேட்டு நகைப்பது எம் வழக்கமன்று. சினிமாவில் என்ன வேலை என்று மறுவினா தொடுப்போம். நடிகர், இயக்குநர், பாடகர் என்பதற்கு மேல் விடை வருவதில்லை. அந்த வரிசையில் இல்லாத ஒருவரைப் பற்றியே இன்று பேச விழைகின்றோம். அவர் தயாரிப்பு நிர்வாகி.

நம் ஊர் நெசவை எண்ணிப் பாருங்கள். கோர்வைப் புடவையை ஒருவர் தனித்து நெய்வதில்லை. நெய்பவரின் பக்கத்தில் அமர்ந்து கரை நாடாவைத் தள்ளத் துணையாள் வேண்டும். அதற்கு முன்னரே சாயம் தோய்த்தவரும் பாவு ஓட்டியவரும் உளர். புடவையை உடுத்துவோர் அவர்களை அறியார். திரைப்படமும் அத்தகையதே.

கதையின் வரிசைப்படி படம் எடுக்கப்படுவதில்லை. அரண்மனைக் காட்சிகள் அனைத்தையும், அரங்கம் நிற்கும் நாட்களிலேயே முடித்தாக வேண்டும். எந்த நடிகர் எந்நாளில் வருவார், எந்த ஊரில் யாரிடம் அனுமதி பெறுவது, நூறு பேருக்கு உணவு எங்கிருந்து வரும், மழை பெய்தால் மாற்று ஏற்பாடு யாது என்பனவற்றை முன்கூட்டியே கணித்து, செலவழியும் ஒவ்வொரு காசுக்கும் சீட்டு வைப்பவர் நிர்வாகி. அவர் பிழைத்தால் கலைஞர் அனைவரும் கைகட்டி நிற்பர்.

இத்துறையிலிருந்து உயர்ந்தவர்களுள் ஒருவர் ஆர்.எம்.வீரப்பன். 1926-இல் பிறந்த அவர், கே.ஆர்.இராமசாமியின் நாடகக் குழுவில் நிர்வாகியாகப் பணியாற்றினார். நம் காஞ்சி தந்த அறிஞர் அண்ணா 'வேலைக்காரி', 'ஓர் இரவு' ஆகிய நாடகங்களை எழுதித் தந்தது அக்குழுவுக்கே. பின்னர் 1953-இல் எம்.ஜி.ஆர். நாடக மன்றத்தின் நிர்வாகத்தை ஏற்றார். எம்.ஜி.ஆர். தாமே தயாரித்து, இயக்கி, இரட்டை வேடத்தில் நடித்த 'நாடோடி மன்னன்' 1958-இல் வெளிவந்தபோது, அந்நிறுவனத்தின் நிர்வாகச் சுமையைத் தாங்கியவர் அவரே. பிறகு சத்யா மூவிஸைத் தொடங்கி, 1964-இல் 'தெய்வத்தாய்' முதலாக, 1995-இல் 'பாட்ஷா' வரை பல படங்களை அளித்தார். இடையில் அமைச்சராகவும் விளங்கினார். 2024-இல் மறைந்தார்.

அவருடைய 'காவல்காரன்' உருவாகி வந்த காலத்தில், 1967 ஜனவரி 12 அன்று எம்.ஜி.ஆர். துப்பாக்கிக் குண்டுக்கு இலக்கானார். நாயகன் மருத்துவமனையில் இருக்கும்போது படப்பிடிப்பு நிற்கும். வாங்கிய கடனுக்கு வட்டி நிற்காது. குரலே மாறிப்போன நிலையில் அவர் திரும்பி வந்து நடிக்க, அதே ஆண்டில் படம் வெளியாயிற்று. அந்த இடைக்காலத்தைத் தாங்கி நிற்பதே நிர்வாகம். அதற்குக் கைதட்டல் கிடையாது.

இதில் நம் மக்களுக்கு என்ன என்று வினவலாம். புகழ்பெற்ற நடிகரின் ஊதியத்தை ஒப்பந்தம் காக்கும். விளக்குச் சுமப்பவர், பலகை அறுப்பவர், கூட்டத்தில் ஒருவராய் நிற்பவர் ஆகியோரின் கூலியும் படியும் நிர்வாகியின் கை வழியே செல்கின்றன. அந்தக் கை நேர்மையானதாயின், அன்று மாலை ஒரு குடிசையில் உலை கொதிக்கும். நிமாய் கோஷ், எம்.பி.சீனிவாசன் போன்றோர் திரைத் தொழிலாளர்க்குச் சங்கம் கண்டதும் கூலி கையின் கருணையை மட்டும் நம்பியிருத்தல் ஆகாது என்பதாலன்றோ? தலைமுறை தலைமுறையாகக் கூலி பெறும் வரிசையிலேயே நின்றவர் நாம். கூலிக் கணக்கை எழுதும் கைகளுள் நம் பிள்ளைகளின் கையும் இருத்தல் வேண்டும்.

ஆனால், மாணவர்களே, ஒன்றை மறவாதீர். ஒரு படம் முடிந்து அடுத்தது தொடங்கும் வரை இத்தொழிலில் வருவாய் உறுதியில்லை. ஆதலின் பட்டத்தை முதலில் பெறுங்கள். கணக்குப் பதிவியல் பயிலுங்கள். பிழையின்றிக் கடிதம் எழுதப் பழகுங்கள். சொன்ன நேரத்தில் சொன்ன இடத்தில் நில்லுங்கள். சினிமா வாய்க்காவிடினும் இவை கூட்டுறவுச் சங்கத்திலும் வங்கியிலும் உங்களுக்குச் சோறு போடும்.

பெற்றோர்களே, உங்கள் பிள்ளை சினிமா என்று சொன்னால் சினவாதீர்கள். அங்கே என்ன வேலை என்று கேளுங்கள். விடை தெரியாவிடில், இச்சங்கத்தின் படிப்பகத்திற்கு அனுப்பி வையுங்கள்.