பிள்ளைகள் குறைந்தார்கள், வீடுகள் பெருகின



மக்கள்தொகைப் பெருக்கம் பற்றியும் சுற்றுச்சூழலின் நிலைபேறு பற்றியும் இந்தக் கருத்தரங்கில் இரண்டு நாள் பேசப்போகிறோம். ஆங்கிலேயப் பொருளியலாளர் மால்தஸ் மக்கள்தொகை பற்றிய தம் புகழ்பெற்ற கட்டுரையை வெளியிட்ட 1798இல் உலக மக்கள்தொகை 100 கோடியை எட்டியிருக்கவில்லை. 2022 நவம்பரில் அது 800 கோடியைத் தொட்டதாக ஐ.நா. அறிவித்தது. இரண்டையும் அடுத்தடுத்து வைத்துப் பார்த்தால் அச்சம் வரத்தான் செய்யும். ஆனால் தமிழ்நாட்டில் கூடியிருக்கும் நமக்கு அதைத் தாண்டி ஒரு கடமை உண்டு. பிறப்பு குறைந்துவிட்டால் மண்ணும் நீரும் பிழைத்துக்கொள்ளும் என்று ஐம்பது அறுபது ஆண்டுகளாகச் சொல்லி வந்திருக்கிறோம். அது உண்மைதானா என்று சோதித்துப் பார்ப்பதற்கான சான்று நம் கண்முன்னேயே இருக்கிறது.

1970களின் தொடக்கத்தில் தமிழ்நாட்டில் ஒரு பெண்ணுக்குச் சராசரியாக நான்கு பிள்ளைகள். 1992–93இல் நடந்த முதல் தேசியக் குடும்பநல ஆய்வில் அது 2.5. 2019–21 ஆய்வில் 1.8. ஒரு தலைமுறை தன் இடத்தை நிரப்ப 2.1 வேண்டும், நாம் அதற்குக் கீழே போய் வெகுகாலமாகிறது. சரி, ஏரிகள் நிரம்பினவா? நிலத்தடி நீர் ஏறியதா? மத்திய நிலத்தடி நீர் வாரியத்தின் அண்மை மதிப்பீடுகளில், தமிழ்நாட்டுக் குறுவட்டங்களில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு அளவுக்கு மீறி உறிஞ்சப்பட்டவை.

இதற்கு விடை தேடுபவர்கள் மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் பலரும் புரட்டாமல் விடும் ஒரு பக்கத்தைப் பார்க்க வேண்டும். 2001க்கும் 2011க்கும் இடையே தமிழ்நாட்டின் மக்கள்தொகை 15.6 விழுக்காடு கூடியது. அதே பத்தாண்டில் குடும்பங்களின் எண்ணிக்கை ஏறத்தாழ 1.42 கோடியிலிருந்து 1.85 கோடியானது, அதாவது 30 விழுக்காடு. ஆட்கள் பெருகிய வேகத்தைப் போல ஏறத்தாழ இருமடங்கு வேகத்தில் வீடுகள் பெருகியிருக்கின்றன. ஒரு வீட்டில் 4.4 பேர் இருந்தது 3.9 ஆகிவிட்டது. அடுப்பு, ஃபிரிட்ஜ், வாசலில் ஒரு வண்டி, பின்கட்டில் ஒரு போர் மோட்டார் எல்லாம் வீட்டுக் கணக்கில் வாங்கப்படுபவை. ஆள் குறைந்ததற்காக அவை குறைவதில்லை. ஒவ்வொரு புது வீட்டுக்கும் ஆற்று மணலும் செங்கல்லும் மலையை உடைத்த ஜல்லியும் வேண்டும். இதைச் சொல்வதால் பழைய கூட்டுக் குடும்பத்துக்குத் திரும்பச் சொல்கிறேன் என்று யாரும் கருத வேண்டாம். அந்த வீடுகளின் சமையற்கட்டில் மருமகள்கள் பட்ட பாடு நமக்குத் தெரியும்.

சென்னையையே எடுத்துக்கொள்வோம். 2019 கோடையில் பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் ஏரிகள் நான்கும் ஏறக்குறைய வறண்டன. ஜூலையில் ஜோலார்பேட்டையிலிருந்து வில்லிவாக்கத்துக்கு ரயிலில் தண்ணீர் வந்தது. இதே ஊர்தான் 2015 டிசம்பரில் வெள்ளத்தில் மூழ்கியது. இடைப்பட்ட மூன்றரை ஆண்டில் மக்கள்தொகை தலைகீழாக மாறிவிடவில்லை. மழைநீர் தங்க வேண்டிய இடங்கள்தான் இல்லாமல் போயிருந்தன. பள்ளிக்கரணை சதுப்பு நிலம் பழைய பரப்பில் ஒரு சிறு பங்காகச் சுருங்கி, மிச்சத்தில் ஒரு பகுதி பெருங்குடிக் குப்பைமேட்டின் கீழே கிடக்கிறது. 2022இல் அதற்குப் பன்னாட்டுச் சிறப்புடைய ஈரநிலம் என்ற ராம்சார் தகுதி கிடைத்தது மகிழ்ச்சிதான். ஆனால் அதன் பழைய பரப்பில் கட்டியெழுப்பியவை எல்லாம் அப்படியே நிற்கின்றன.

பழைய மகாபலிபுரம் சாலையின் அடுக்ககங்களுக்குள் நுழையும் 12,000 லிட்டர் தண்ணீர் லாரியைப் பின்னோக்கித் தொடர்ந்து போனால், செங்கல்பட்டுப் பக்கமோ திருவள்ளூர்ப் பக்கமோ ஒரு வயல்வெளிக் கிணற்றில் போய் நிற்போம். வரப்பை உடைத்து, லாரி திரும்புவதற்காக மண் கொட்டி மேடாக்கியிருப்பார்கள். நெல் போடுவதைவிடத் தண்ணீரை விற்றால் கையில் காசு நிற்கிறது. அந்த விவசாயியைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் நாலு வீடு தள்ளி இருப்பவரின் அடிபம்பில் காற்றுதான் வருகிறது. அரசுத் திட்டங்களிலேயே பெருநகரவாசிக்கு நாளொன்றுக்கு 135 லிட்டர், கிராமத்தவருக்கு 55 லிட்டர் என்று அளவு வைத்திருக்கிறோம். பூமிக்குப் பாரம் என்று பேச்சு வரும்போது மட்டும், 55 லிட்டர்க்காரர் வீட்டுப் பிள்ளைகளைத்தான் எண்ணத் தொடங்குகிறோம். இந்த அநியாயம் நம் கட்டுரைகளுக்குள்ளும் தெரியாமல் நுழைந்துவிடக் கூடாது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மக்கள் பெருக்கம், நாட்டின் வறுமை என்று மற்றவர்கள் காரணம் சொன்ன காலத்தில், பெண்ணின் விடுதலைக்காகவே கர்ப்பத்தடை வேண்டும் என்று குடி அரசு இதழில் எழுதியவர் பெரியார். நாம் அவர் காட்டிய காரணத்தை விட்டுவிட்டு எண்ணிக்கையைப் பிடித்துக்கொண்டோம். நெருக்கடி நிலைக் காலத்தில் வட மாநிலங்களில் ஏழைகளைப் பிடித்து இழுத்துச் சென்று அறுவை செய்ததும் எண்ணிக்கையின் பெயரால்தான். நம் மாநிலத்திலும் பின்னாளில் கருத்தடையின் சுமை ஏறத்தாழ முழுவதும் பெண்களின் உடம்பின் மேலேயே விழுந்தது. இப்போது மக்கள்தொகைப்படி மறுவரையறை செய்தால் நாடாளுமன்றத் தொகுதிகள் குறைந்துவிடும் என்பதற்காக அதிகம் பெற்றுக்கொள்ளுங்கள் என்ற குரல் மேடைகளில் கேட்கிறது. தொகுதிக் கவலை நியாயமானது. அதற்கான விடையைப் பிரசவ அறையில் தேடக் கூடாது. குறைவாகப் பெறு என்று ஆணையிடவும் நமக்கு உரிமை இல்லை. கூடுதலாகப் பெறு என்று கேட்கவும் இல்லை.

கட்டுரை படைக்க வந்திருப்போரிடம் ஒரு வேண்டுகோள். தலைக்கணக்கோடு நிறுத்திவிடாதீர்கள். எந்த வருமானப் பிரிவு எவ்வளவு நீர், எவ்வளவு மின்சாரம், எவ்வளவு மணல் எடுத்துக்கொள்கிறது என்று வீட்டு அளவில் காட்டுங்கள். 2021இல் நடந்திருக்க வேண்டிய கணக்கெடுப்பு தள்ளிப்போனதால் 2011 எண்களை வைத்தே பலரும் எழுதியிருப்பீர்கள். அதைப் பின்குறிப்பில் ஒளிக்காமல் முதல் பத்தியிலேயே சொல்லிவிடுங்கள். உள்ளாட்சிப் பொறியாளர்கள் சிலரும் இங்கே வந்திருக்கிறார்கள். அவர்கள் ஊருக்குத் திரும்பிக் கையில் எடுத்துப் புரட்டக்கூடிய தமிழில் நம் கட்டுரைத் தொகுப்பு அமைய வேண்டும் என்பது என் ஆசை. முதல் அமர்வு நிலத்தடி நீரைப் பற்றியது. அதன் கட்டுரையாளர்களை மேடைக்கு அழைக்கிறேன்.