வியட்நாம் சமையலும் நம்ம குழு அடுப்பும்
(கூட்டமைப்பு ஆண்டு விழாவில் உறுப்பினர் ஒருவர் பேசியது)



எனக்குக் கொடுத்த தலைப்பு 'பயிற்சியில் கற்றது'. பயிற்சின்னா நமக்குப் பழக்கம்தான். தையல், பினாயில், சாம்பிராணி, காளான்னு எத்தனையோ பார்த்துட்டோம். நான் சொல்லப் போறது வேற மாதிரி ஒண்ணு. போன தை மாதம் எங்க குழுவிலிருந்து 6 பேர் புதுச்சேரிக்குப் போய், ஒரு அம்மா வீட்டில் வியட்நாம் சமையல் கத்துக்கிட்டு வந்தோம். தலைக்கு 500 ரூபாய். "அந்த ஊர்ச் சமையல் நமக்கு எதுக்கு? 500 ரூபாய்க்கு ஒரு வாரக் காய்கறி வாங்கலாமே"ன்னு குழுக் கூட்டத்திலேயே கேட்டாங்க. நியாயமான கேள்வி. பதிலை இந்தக் கூட்டத்தில் வைக்கிறேன். சரியா தப்பான்னு நீங்க சொல்லுங்க.

முதல்ல, புதுச்சேரியில் எப்படி வியட்நாம் சமையல் வந்தது? விழுப்புரத்திலிருந்தும் திண்டிவனத்திலிருந்தும் ஒரு மணி நேரப் பயணம்தான் புதுச்சேரி. ஆனா இந்தக் கதை நம்மில் பல பேருக்குத் தெரியாது. புதுச்சேரி, காரைக்காலை ஆண்ட பிரெஞ்சுக்காரங்க 1859-ல் சைகோன் நகரத்தைப் பிடிச்சாங்க. அதுக்கப்புறம் இங்கே இருந்த தமிழர்கள் பல பேர் பட்டாளத்துக்கும், போலீசுக்கும், வரி வசூல் மாதிரி சர்க்கார் வேலைக்கும் கப்பல் ஏறி அங்கே போனாங்க. வியாபாரிகள் போனாங்க, வட்டிக் கடை வைக்க நகரத்தார் போனாங்க. அவங்க காலத்து மாரியம்மன் கோயில் இன்னமும் அந்த ஊரில் இருக்கு. வியட்நாம் பெண்களும் அங்கே வந்து கும்பிடுறாங்க. சைகோனுக்கு இப்போ ஹோ சி மின் நகரம்னு பேர்.

போனவங்க சில பேர் அந்த ஊர்ப் பெண்களைக் கல்யாணம் பண்ணிக்கிட்டாங்க. 1954-ல் அங்கே பிரெஞ்சு ஆட்சி முடிஞ்சது. அதே வருஷம் நவம்பர் 1-ல் புதுச்சேரியும் இந்தியா கைக்கு வந்தது. அந்தச் சமயத்தில் பல குடும்பங்கள் ஊர் திரும்பினாங்க. 1975-ல் சண்டை முடிஞ்சப்போ இன்னும் கொஞ்சம் பேர் வந்தாங்க. அப்படி வந்த வியட்நாம் மருமகள்கள் சமைத்ததுதான் இன்னிக்குப் புதுச்சேரி வீடுகளில் 'நெம்' என்றும் 'சாயோ' என்றும் சொல்ற பலகாரம்.

எங்களுக்குச் சொல்லிக் கொடுத்த அம்மாவுக்கு 60 வயசுக்கு மேல இருக்கும். அவங்க அம்மா வியட்நாம், அப்பா தமிழர். நம்மளை மாதிரியேதான் பேசுறாங்க. "எங்கம்மா கப்பலை விட்டு இறங்கினப்போ ஒரு வார்த்தை தமிழ் தெரியாது. மாமியார் திட்டுறாங்களா கூப்பிடுறாங்களான்னுகூடப் புரியாதாம். அப்பா போனப்புறம் எங்க நாலு பேரையும் நெம் சுட்டு வித்துத்தான் வளர்த்தாங்க" என்றார். எங்களில் யாருமே கொஞ்ச நேரம் பேசலை. பாஷை தெரியாத ஊரில் அந்தம்மாவுக்குக் கைகொடுத்தது கைப்பக்குவம் மட்டும்தான்.

வகுப்பு அடுப்படியில் ஆரம்பிக்கலை, மார்க்கெட்டில்தான் ஆரம்பிச்சது. காலையில் 7 மணிக்கு நேரு வீதியில் இருக்கிற பெரிய மார்க்கெட்டுக்கு வரச் சொன்னாங்க. குபேர் அங்காடின்னு போர்டு இருக்கும், ஜனங்க சொல்றது பெரிய மார்க்கெட். ஒரு பக்கம் பூ, ஒரு பக்கம் காய், உள்ளே மீன்.

மீன் கடையில் எறா வாங்கினப்போ எங்க 6 பேரையும் தொட்டுப் பார்க்கச் சொன்னாங்க. தலை உடம்போட இறுக்கமா ஒட்டியிருக்கணும், ஓடு பளபளன்னு இருக்கணும், கறுப்புப் புள்ளி கூடாது, மூக்கைப் பிடிக்கிற நெடி வந்தா வாங்கவே கூடாது. இதெல்லாம் நமக்கும் தெரிஞ்சதுதான். ஆனா நாம பார்த்தவுடனே வாங்கிடுவோம், ஏன்னு வாய் திறந்து சொல்ல மாட்டோம். அவங்க ஒவ்வொண்ணுக்கும் காரணம் சொன்னாங்க.

அப்புறம் புதினா, கொத்தமல்லி, வெங்காயத்தாள், முளைகட்டின பாசிப்பயறு, கேரட், எலுமிச்சை வாங்கினோம். இங்கிலீஷ் காய் விக்கிற கடையில் லெட்யூஸ் கீரை வாங்கினாங்க. எலுமிச்சைப்புல்லைக் கையில் கசக்கி முகரச் சொன்னாங்க. எங்க ஊர் பொண்ணு ஒருத்தி, "அக்கா, இது எங்க கொல்லையில் கொசு வராம இருக்க வச்சிருக்கோமே"ன்னா. அந்தம்மா சிரிச்சுட்டு, "அதைத்தான் நாங்க கறியில் போடுறோம்" என்றார்.

இப்போ சமையல். நெம் செய்ய அரிசித்தாள் வேணும். அப்பளம் மாதிரி வட்டமா, கண்ணாடி மாதிரி மெல்லிசா இருக்கும். அரிசி மாவில் செய்து காய வைப்பாங்க. அது மட்டும் வெளியூர் சரக்கு, பாக்கெட்டில் வருது. உள்ளே வைக்கிற பூரணத்துக்குப் பொடியா நறுக்கின எறா, வெங்காயம், துருவின கேரட், மிளகுத்தூள், ஒரு முட்டை, ஊற வச்சு நறுக்கின கண்ணாடிச் சேமியா. அந்தச் சேமியா பாசிப்பயறு மாவுச்சத்தில் செய்றது. வியட்நாமில் பன்றிக்கறியும் ஒரு வகைக் கறுப்புக் காளானும் சேர்ப்பாங்க. கோழியிலும் செய்யலாம். எங்களில் கறி சாப்பிடாத ஒருத்தருக்கு முட்டைக்கோசும் காளானும் வச்சே செஞ்சு கொடுத்தாங்க.

அரிசித்தாளைத் தண்ணியில் நனைச்சு உடனே எடுத்திடணும். ஊறினா கிழிஞ்சிடும். பூரணத்தை ஒரு ஓரமா வச்சு, ரெண்டு பக்கமும் மடிச்சு, பாய் சுருட்டற மாதிரி சுருட்டணும். காத்து உள்ளே நிக்கக் கூடாது, நின்னா எண்ணெயில் வெடிக்கும். மிதமான சூட்டில், ஒண்ணோட ஒண்ணு ஒட்டாம தள்ளித் தள்ளிப் போட்டு, பொன்னிறமா எடுக்கணும். சாப்பிடுறதுதான் நமக்குப் புதுசு. சூடான நெம்மை லெட்யூஸ் இலையில் வச்சு, ரெண்டு புதினா சேர்த்துச் சுருட்டி, புளிப்பும் இனிப்புமா இருக்கிற சாற்றில் தொட்டுச் சாப்பிடணும். எண்ணெய்ப் பலகாரம் திகட்டாம இருக்கிறது அந்தப் பச்சை இலையால்தான்.

அந்தச் சாற்றுக்கு அடிப்படை 'நூக் மாம்'. நெத்திலி மாதிரிப் பொடி மீனையும் உப்பையும் பெரிய மரத்தொட்டியில் போட்டு ஒரு வருஷம் வரை புளிக்க வச்சு வடிக்கிற சாறு. ஒரு பங்கு அது, ஒரு பங்கு எலுமிச்சைச் சாறு, ஒரு பங்கு சர்க்கரை, ரெண்டு மூணு பங்கு தண்ணி, நசுக்கின பூண்டு, மிளகாய். முகர்ந்து பார்த்தா கருவாட்டு வாசனை. எனக்கு மரக்காணம் ஞாபகம் வந்தது. உப்பளமும் நம்ம மாவட்டத்தில் இருக்கு, நெத்திலியும் நம்ம கரையில் இறங்குது.

இன்னொண்ணு 'பான் சேயோ'. பச்சரிசி மாவு, மஞ்சள் தூள், தேங்காய்ப் பால். கரைச்சுச் சூடான சட்டியில் மெல்லிசா ஊத்தினா 'சொய்'ன்னு சத்தம் வரும். அந்தச் சத்தத்தைத்தான் பேரா வச்சிருக்காங்க. உள்ளே எறாவும் முளைப்பயறும் வச்சுப் பாதியா மடிச்சா ஆச்சு. நம்ம தோசைக்கு அக்கா தங்கச்சின்னு வச்சுக்கலாம். மாவு புளிக்க வைக்க வேண்டாம், அவ்வளவுதான் வித்தியாசம். நாம தை மாசம் பொங்கல் வைக்கிற சமயத்தை ஒட்டித்தான் அவங்களுக்கும் வருஷப்பிறப்பு வருது. பேர் 'டெட்'. அப்போ ஒட்டும் அரிசியும் பாசிப்பருப்பும் வாழை இலையில் கட்டி வேக வைப்பாங்களாம். அரிசியும் பாசிப்பருப்பும்தானே நம்ம பொங்கல்.

சரி, 500 ரூபாய்க் கேள்விக்கு வர்றேன். வீட்டுக்கு வர்ற வழியில் பஸ்ஸிலேயே நாங்க கணக்குப் போட்டோம். எங்க 6 பேர்கிட்ட வாங்கினது 3,000. மார்க்கெட்டில் எங்க கண்ணு முன்னாடி செலவானது 1,150. அரிசித்தாள், எண்ணெய், கேஸ் 350-ன்னு வச்சாலும் 1,500 அவங்க கையில் நிக்குது. அரை நாள் வேலை.

இப்போ எங்க முறுக்குக் கணக்கு. ஒரு கிலோவுக்கு எங்களுக்கு நிக்கிறது 60 ரூபாய். 1,500 ரூபாய் வரணும்னா 25 கிலோ சுடணும். அதுவும் வித்தாத்தான். கடைக்காரர் திருப்பி அனுப்பினா நமுத்துப் போன முறுக்கு நம்ம வீட்டுப் பிள்ளைங்களுக்குத்தான். அந்தம்மா பலகாரம் விக்கலை, தனக்குத் தெரிஞ்சதை வித்தாங்க. தெரிஞ்சது நமுத்துப் போகாது, திரும்பியும் வராது.

அதனால்தான் ஒரு யோசனை சொல்றேன். நாம நெம் சுட்டு விக்கணும்னு நான் சொல்லலை. அரிசித்தாள் வெளியூரிலிருந்து வரணும், நம்ம ஊரில் வாங்க ஆள் குறைவு. அதுக்குக் கடன் எடுக்க வேண்டாம். நாம சொல்லிக் கொடுக்கிற இடத்துக்குப் போகலாம். ஆரோவில் இருக்கிறது நம்ம விழுப்புரம் மாவட்டம் வானூர் வட்டத்தில். எத்தனையோ ஊரிலிருந்து, நாட்டிலிருந்து அங்கே வர்றாங்க. அவங்களைக் காலையில் திண்டிவனம் மார்க்கெட்டுக்குக் கூட்டிக்கிட்டுப் போய், நம்ம பக்கத்து வேர்க்கடலையை உரிச்சுக் காட்டி, கத்தரிக்காய் எப்படிப் பார்த்து வாங்கணும்னு சொல்லி, கேழ்வரகுக் களி, கருவாட்டுக் குழம்பு, வேர்க்கடலைத் துவையல், கொழுக்கட்டை செய்யச் சொல்லிக் கொடுக்க நமக்கு யார் பயிற்சி தரணும்?

கூட்டத்தில் ரெண்டு சந்தேகம் வந்தது. ஒண்ணு, "நம்ம வீட்டுச் சோத்தைக் காசு கொடுத்து யார் கத்துப்பாங்க?" அந்தம்மா வீட்டுச் சோத்தை நாங்களே காசு கொடுத்துத்தானே கத்துக்கிட்டோம். இன்னொண்ணு யாரும் சத்தமாச் சொல்லலை. யார் வீட்டில் சமைக்கிறது, யார் கையால் சமைச்சதை யார் சாப்பிடுவாங்க என்பது. இதை மறைச்சு வைக்கிறதில் பிரயோஜனம் இல்லை. எங்க 6 பேரும் ஒரே தெருக்காரங்க இல்லை. அன்னிக்கு ஒரே சட்டியில் சமைச்சு, ஒரே தட்டைச் சுத்தி உட்கார்ந்து சாப்பிட்டோம். யாருக்கும் ஒண்ணும் ஆகலை. அதனால் வகுப்பு எந்த வீட்டிலும் வேண்டாம், கூட்டமைப்புக் கட்டிடத்தில் பொது அடுப்பில் நடக்கட்டும். எல்லாக் குழுவுக்கும் முறை வரட்டும். வர்ற காசு சமைச்சவங்களுக்குக் கூலியா, கூட்டமைப்புக்கு ஒரு பங்கா, அன்னிக்கே நோட்டில் எழுதிப் பிரிக்கட்டும்.

வியட்நாமிலும் 1930-லிருந்து மகளிர் சங்கம் இருக்கு. ஊர்ப் பெண்களுக்கு சேமிப்பு, கடன் வேலையும் செய்யுது. நம்ம தமிழ்நாட்டில் 1989-ல் தர்மபுரியில் மகளிர் குழுக்கள் தொடங்கினாங்க. அன்னிக்கு அந்தப் பெண்கள் துணிஞ்சு உட்கார்ந்ததால்தான் இன்னிக்கு நாம இந்தப் பந்தலில் உட்கார்ந்திருக்கோம்.

என் வேண்டுகோள் ஒண்ணுதான். அடுத்த மாதக் கூட்டத்தில் இதைப் பொருளா வையுங்க. ஒவ்வொரு குழுவும் உங்களில் யாருக்கு எந்தச் சமையல் கைவந்ததுன்னு ஒரு பட்டியல் எழுதிக்கிட்டு வாங்க. "எனக்கு ஒண்ணும் தெரியாது, சோறு குழம்புதான் தெரியும்"னு சொல்ற அக்காவோட பேரை முதல்ல எழுதுங்க.