கூட்டுறவில் உழைப்பவருக்கு என்ன பங்கு?

(கூட்டுறவு ஊழியர்களும் மாணவர்களும் கலந்துகொண்ட கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



கூட்டுறவு என்றால் நம் ஊரில் நல்ல பெயர். 1904இல் திருவள்ளூரை அடுத்த திரூரில் கடன் சங்கம் தொடங்கியதைப் பெருமையாகச் சொல்கிறோம். அந்தச் சங்கங்களில் உழைப்பவருக்கு என்ன கிடைக்கிறது என்று மட்டும் கேட்பதில்லை.

ஒரு கணக்குப் பார்ப்போம். 2022இல் கூட்டுறவு ரேஷன் கடைகளுக்கு ஆள் எடுக்க அறிவிப்பு வந்தது. முதல் ஓராண்டுக்குத் தொகுப்பூதியம்: விற்பனையாளருக்கு மாதம் 6,250 ரூபாய், கட்டுநருக்கு 5,500 ரூபாய். மாதத்துக்கு 26 நாள் என்று வைத்தால் நாளொன்றுக்கு முறையே 240, 211 ரூபாய். அதே ஆண்டு தமிழ்நாட்டில் நூறு நாள் வேலைக்கு அறிவிக்கப்பட்ட கூலி 281 ரூபாய். அதுவே போதாது என்று நாம் போராடுகிறோம். அரிசி மூட்டையோடு மல்லுக்கட்டும் கட்டுநருக்கு அதுகூட இல்லை! கிடங்கிலிருந்து வரும் மூட்டையில் எடை குறைந்தால், அந்த இழப்பும் கடை ஊழியர் தலையில்தான் விழுகிறது என்பது அவர்களின் நெடுநாள் குமுறல்.

சம்பளம் கூட்டிக் கேட்டால், "பதிவாளர் அனுமதி வேண்டும், அரசு ஆணை வேண்டும்" என்பார்கள். சரி, அரசு ஊழியருக்கு உள்ள உரிமையைக் கொடுங்கள் என்றால், "இது தன்னாட்சி பெற்ற சங்கம், அரசு அல்ல" என்பார்கள். கொடுக்க வேண்டிய இடத்தில் தனியார், கட்டுப்படுத்த வேண்டிய இடத்தில் அரசு. 2006இல் மாரப்பன் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, கூட்டுறவுச் சங்கம் பொதுவாக அரசியல் சட்டம் சொல்லும் 'அரசு' ஆகாது என்றது. சட்டக் கடமையை மீறினால் மட்டுமே ரிட் மனு வழி திறக்கும்.

அப்படியானால் பதிவாளர்தான் கதியா? இல்லை. ஆந்திரக் கூட்டுறவு மத்திய வங்கி ஊழியர்கள் வழக்கில் 1969லேயே உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: ஊதியம், பணி நிலை பற்றிய தகராறு சங்கத்தின் 'வணிகம்' தொடர்பானது அல்ல; அதைத் தொழில் தீர்ப்பாயம் விசாரிக்கலாம். சங்கத்தின் துணை விதியை மாற்றிக் கூலியை உயர்த்தப் பதிவாளரால் முடியாது, தீர்ப்பாயத்தால் முடியும். இந்தத் தீர்ப்பை ஒவ்வொரு ஊழியரும் தெரிந்து வைத்திருக்க வேண்டும்.

இப்போது நமக்கே சங்கடமான கேள்விக்கு வருகிறேன். "எல்லோரையும் நிரந்தரமாக்கு" என்று முழங்குவது எளிது. வேலைவாய்ப்பு அலுவலகம் வழியாக அல்லாமல் சங்கங்கள் தாமே நியமித்தவர்களை முறைப்படுத்த 2001இல் தமிழ்நாடு அரசு ஆணை போட்டது. 2004இல் உமாராணி வழக்கில், விதியை மீறிய நியமனத்தை முறைப்படுத்த முடியாது என்றது உச்ச நீதிமன்றம். பல ஆண்டு உழைத்தவர்கள் தெருவுக்கு வரும் நிலை. அவர்கள் கண்ணீர் உண்மையானது.

ஆனால் விளம்பரமே இல்லாமல் வேலை கொடுக்கப்படும்போது யாருக்குக் கிடைக்கும்? நிலமும் சாதிப் பலமும் உள்ளவர்கள் கையில் நிர்வாகக் குழு இருக்கும் ஊரில், அவர்களின் உறவுக்கும் வேண்டியவர்களுக்கும் கிடைக்கும். இனச்சுழற்சி என்ற ஒன்று அந்தக் கதவருகே எட்டிப்பார்க்கவே முடியாது. சேரியில் பட்டப்படிப்பு முடித்த பெண்ணுக்கு அப்படி ஒரு வேலை காலியானதே தெரியாது. நியமித்த குழுவுக்குத் தண்டனை இல்லை. உழைத்தவருக்கு வேலை இல்லை. உரியவருக்கு வாய்ப்பே இல்லை.

ஆகவே நாம் இரண்டையும் சேர்த்தே கேட்க வேண்டும். உழைத்த நாளுக்கு முழுக் கூலி, நியமனம் எப்படி நடந்திருந்தாலும். ஒவ்வொரு காலியிடத்துக்கும் வெளிப்படையான அறிவிப்பு, முறையான இடஒதுக்கீடு. முறைகேடாக நியமித்த குழுவிடமிருந்து இழப்பீடு. தொகுப்பூதியம் என்ற பெயரில் நடக்கும் ஓராண்டுச் சுரண்டலுக்கு முடிவு.

1938இல் வேலைநிறுத்த உரிமையை முடக்கும் மசோதாவைப் பம்பாய் சட்டமன்றத்தில் எதிர்த்தவர் அண்ணல் அம்பேத்கர். கூலியும் சாதி ஒழிப்பும் அவருக்கு வேறு வேறு போராட்டங்கள் அல்ல. நமக்கும் அப்படித்தான் இருக்க வேண்டும்.