சரக்கு போகட்டும், வண்டி வருமா?

மதுவிலக்கு வழக்கில் போலீஸ் பிடித்த வண்டியை, வழக்கு முடிவதற்கு முன்பே நீதிமன்றம் திருப்பிக் கொடுக்குமா? வழக்கறிஞரான என்னிடம் அடிக்கடி வரும் கேள்வி இது. கொடுக்கலாம். ஆனால் சில நிபந்தனைகள் உண்டு.

"தெருவுக்குத் தெரு டாஸ்மாக் இருக்கு, இதுல மதுவிலக்குச் சட்டம் வேறயா?" என்று நீங்கள் சிரிப்பது கேட்கிறது. ராஜாஜி காலத்தில், 1937இல் வந்த சட்டம் இன்றும் உயிரோடுதான் இருக்கிறது. அரசுக் கடை நடப்பதே அதன் கீழ் வந்த விதிகளின்படிதான். கள்ளச்சாராயம், வெளிமாநிலச் சரக்கு, அனுமதித்த அளவுக்கு மேல் வைத்திருப்பது எல்லாம் அதில் மாட்டும்.

பிடிபட்ட சரக்கைத் திரும்பக் கேட்க முடியாது. மாதிரி எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பிவிட்டு, மீதியை முறைப்படி அழித்துவிடுவார்கள். "பில் இருக்கு சார், நாலு பாட்டிலாவது கிடைக்குமா?" என்று ஒருவர் கேட்டார். பக்கத்தில் நின்ற அவர் மனைவியின் முகத்தைப் பார்த்தேன். பதிலை அவரிடமே விட்டுவிட்டேன்.

இனி வண்டி. எனக்கு மிகவும் பிடித்த தீர்ப்பு ஒன்று உண்டு: சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கு, உச்ச நீதிமன்றம், 2002. அதன் பின்னணியைக் கேளுங்கள். குஜராத்தில் காவல் நிலையத்தில் இருந்த வழக்குச் சொத்துகளையே எடுத்துவிட்டுப் போலிகளை வைத்தார்கள், பணத்தைக் கையாடினார்கள் என்று குற்றம் சாட்டப்பட்டவர்கள் போலீஸ்காரர்களே! அதை விசாரித்த நீதிபதிகள், பொருளை ஸ்டேஷனிலேயே அடைத்துவைப்பது ஏன் என்று கேட்டார்கள். போட்டோ எடுங்கள், மகஜர் எழுதுங்கள், பிணைப்பத்திரம் வாங்கிக்கொண்டு உரியவரிடம் கொடுங்கள். விசாரணையில் அந்தப் போட்டோவே சாட்சியாகட்டும் என்றார்கள். நிறையச் சரக்கை ஸ்டேஷனில் குவித்துவைக்க வேண்டாம் என்பதும் அதே தீர்ப்பில் இருக்கிறது. எங்கள் ஊர் ஸ்டேஷன் பின்புறம் வரிசையாக நிற்கும் வண்டிகளைப் பார்த்தால் இதன் அருமை புரியும். டயர் மண்ணில் புதைந்திருக்கும், பேட்டரி காணாமல் போயிருக்கும், சீட்டுக்குள் எலி குடியிருக்கும். வழக்கில் ஜெயித்து அந்த வண்டியை வாங்கி என்ன செய்வது?

அந்தத் தீர்ப்பின் பல கருத்துகள் இப்போது சட்டமாகவே வந்துவிட்டன. 2024 ஜூலை முதல் நடப்பிலுள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 497ஆம் பிரிவுப்படி, பொருள் நீதிமன்றத்துக்கு வந்த 14 நாளுக்குள் அதன் விவரப் பட்டியல் தயாராக வேண்டும், போட்டோவும், தேவைப்பட்டால் வீடியோவும் எடுக்க வேண்டும். அடுத்த 30 நாளுக்குள் அதை என்ன செய்வது என்று உத்தரவிட வேண்டும். பொருள் நீதிமன்றத்துக்கு வராமல் ஸ்டேஷனிலேயே இருந்தால் 503ஆம் பிரிவில் மனுப் போடலாம். குறித்துக்கொள்கிறீர்களா?

ஒரு அம்மாவின் மனு நினைவுக்கு வருகிறது. பூ வியாபாரம், எக்ஸ்.எல். வண்டி. தம்பி மகன் இரவல் வாங்கிப்போய் பாட்டிலோடு சிக்கினான். நீதிபதி கேட்டதும் அவர் சொன்னார்: "வண்டி என் பேர்ல, டியூ என் பேர்ல. சரக்கு மட்டும் என் பேர்ல இல்லீங்கய்யா." நான் தயாரித்துப்போன வாதம் அதற்கு முன்னால் எடுபடவில்லை! ஆர்.சி. புத்தகத்தை ஒப்படைக்க வேண்டும், ஜாமீன் தர வேண்டும், வண்டியை விற்கவோ நிறம் மாற்றவோ கூடாது, கூப்பிட்டால் கொண்டுவர வேண்டும் என்ற நிபந்தனைகளோடு வண்டி வந்தது. மறுநாள் விடியற்காலையே பூ மார்க்கெட்டுக்குப் போய்விட்டார்.

ஆனால் ஒன்று. அந்த வண்டி அவருக்கு முழுசாகத் திரும்பிவிட்டதாக நினைக்க வேண்டாம். மதுவிலக்குச் சட்டத்தின் 14ஆம் பிரிவில் வண்டியை அரசுடைமையாக்கும் அதிகாரம் மாவட்ட அளவிலான அலுவலருக்கு இருக்கிறது. அந்த நோட்டீஸ் வந்தால் அலட்சியம் செய்யாதீர்கள். எனக்குத் தெரியாமல் நடந்தது என்பதை அங்கேயும் போய் நிரூபிக்க வேண்டும். அந்த நடவடிக்கை நிலுவையில் இருப்பதாலேயே இடைக்கால விடுவிப்பை மறுக்க வேண்டியதில்லை என்று சென்னை உயர்நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வேறு மாநிலத்தில் சட்டம் வேறு. சுந்தர்பாய் தீர்ப்புக்குக் காரணமான குஜராத்திலேயே, குறிப்பிட்ட அளவுக்கு மேல் சரக்கு ஏற்றிய வண்டியை இறுதித் தீர்ப்பு வரை பிணையில் விடக் கூடாது என்று சட்டம் கட்டிப்போடுகிறது!

நேரம் முடிகிறது. மனுவைத் தாமதிக்காமல் போடுங்கள், ஆர்.சி., இன்சூரன்ஸ் தாள்களைக் கையில் வையுங்கள், நிபந்தனையை மீறாதீர்கள், நோட்டீஸுக்குப் பதில் கொடுங்கள். முக்கியமாக, வண்டிச் சாவியை யாரிடம் கொடுக்கிறோம் என்று ஒரு நிமிடம் யோசித்துவிட்டால், என்னைத் தேடி வரவேண்டிய வேலையே உங்களுக்கு இருக்காது. அப்படியே ஆகட்டும்.