ஒரே வேடத்தில் ஓர் ஆயுள்



இலக்கியப் பேச்சு என்றால் ஒரு கவிஞரையோ, ஒரு நாவலாசிரியரையோ எடுத்துக்கொண்டு பேசுவதுதான் வழக்கம். இன்று அந்த வழக்கத்தைச் சற்று மீறி, ஒரு நடிகையைப் பற்றிப் பேச விரும்புகிறேன். அவர் சினிமா நட்சத்திரமல்லர். மேடையிலே பெருநாயகியாக நின்று உலகப் புகழ் ஈட்டியவருமல்லர். அமெரிக்கத் தொலைக்காட்சியில், வீட்டுப் பெண்கள் மத்தியானச் சாப்பாட்டு வேலைகளை முடித்துவிட்டுச் சற்று ஆறியிருக்கும் நேரத்தில் ஒளிபரப்பான ஒரு தொடர் நாடகத்திலே, ஒரே பாத்திரத்தை 1956 முதல் 2010 வரை ஏற்று நடித்தவர். பெயர் ஹெலன் வாக்னர். அவர் ஏற்ற பாத்திரத்தின் பெயர் நான்சி ஹியூஸ். இந்தப் பேச்சிலே நடிகையை 'அவர்' என்றும், பாத்திரத்தை 'அவள்' என்றும் குறிப்பிடுகிறேன். குழப்பம் வராமல் இருக்கட்டும்.

இலக்கிய நிகழ்ச்சியிலே இவருக்கு என்ன இடம் என்று நேயர்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். அந்தக் கேள்விக்குக் கடைசியில் வருவோம்.

முதலில் இந்த நாடக வகையைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். ஆங்கிலத்திலே இதனை 'சோப் ஒப்பெரா' என்பார்கள். 'சவர்க்கார இசை நாடகம்' என்று மொழிபெயர்த்தால் சிரிப்பு வரும். சிரிக்கத்தான் அந்தப் பெயரையும் வைத்தார்கள். 1930களில் அமெரிக்க வானொலியிலே பகல் வேளை நாடகங்களுக்குப் பணம் கொடுத்தவை பெரும்பாலும் சவர்க்காரக் கம்பனிகள். சலவை செய்கிறவள், பாத்திரம் கழுவுகிறவள், வீட்டுக்குச் சவர்க்காரம் வாங்குகிறவள் எல்லாம் ஒரே பெண்தான். அவள் வேலை செய்துகொண்டே கேட்கக்கூடியது வானொலி. ஆகவே அவளுக்காக ஒரு கதை. கதைக்கு நடுவே சவர்க்கார விளம்பரம். ஒப்பெரா என்ற பெருங்கலையின் பெயரை இதற்குச் சூட்டியதிலே ஓர் ஏளனம் இருந்தது. அந்த ஏளனம் கடைசிவரை இதனை விட்டு நீங்கவில்லை.

வானொலியிலே இந்த வகைக்கு வித்திட்டவர் ஏர்னா பிலிப்ஸ் என்ற பெண்மணி. ஆசிரியையாக இருந்தவர். 1930ஆம் ஆண்டு சிக்காகோ வானொலி நிலையம் ஒன்றிலே 'பெயின்டட் ட்றீம்ஸ்' என்ற தொடரைத் தொடங்கினார். 1937இல் அவர் தொடங்கிய 'கைடிங் லைட்' என்ற இன்னொரு தொடர் வானொலியிலிருந்து 1952இல் தொலைக்காட்சிக்குப் போய், 2009 வரை நடந்தது. எழுபத்திரண்டு ஆண்டுகள்! ஒரு கதை இத்தனை காலம் தொடர முடியுமா என்று நாம் வியக்கலாம். ஆனால் ஏர்னா பிலிப்ஸ் வேறு விதமாக யோசித்தவர். வாழ்க்கை முடிவதில்லையே, கதை மட்டும் ஏன் முடியவேண்டும் என்பதுதான் அவருடைய போக்கு.

அதுவரை இத்தகைய தொடர்கள் நாளொன்றுக்குப் பதினைந்து நிமிடமே நடந்தன. பதினைந்து நிமிடத்திலே ஒரு சண்டையைக் காட்டலாம். ஒரு சாவை அறிவிக்கலாம். ஆனால் ஒருத்தி யோசித்துக்கொண்டே கோப்பி ஊற்றுவதைக் காட்ட முடியாது. அதற்கு நேரம் வேண்டும். அந்த நேரத்தைத்தான் ஏர்னா பிலிப்ஸ் கேட்டுப் பெற்றார். 1956 ஏப்ரல் 2ஆம் திகதி, சீ.பி.எஸ். தொலைக்காட்சியிலே அரை மணி நேரத் தொடராக 'அஸ் த வேர்ல்ட் டேர்ன்ஸ்' ஆரம்பமாயிற்று. 'உலகம் சுழல்கையிலே' என்று தமிழில் சொல்லலாம். தயாரித்தது புரொக்டர் அன்ட் காம்பிள் என்ற சவர்க்காரக் கம்பனி.

முதற் காட்சி ஒரு காலைப் பொழுது. நடுத்தர வர்க்கத்து வீடு. மனைவி தன் கணவனுக்குக் காலை வணக்கம் சொல்லுகிறாள். அவ்வளவுதான். கொலை இல்லை, கூக்குரல் இல்லை. ஒரு சாதாரண விடியல். அந்த முதல் வார்த்தையைப் பேசிய மனைவி நான்சி. பேசிய நடிகை ஹெலன் வாக்னர்.

அப்போது அவருக்கு வயது முப்பத்தேழு. 1918ஆம் ஆண்டு டெக்சஸ் மாநிலத்து லபொக் நகரில் பிறந்தவர். இலினோய் மாநிலத்திலுள்ள மொன்மத் கல்லூரியில் படித்து 1938இல் வெளியேறினார். இசையும் நாடகமும் கற்றவர், நல்ல பாடகி. நியூயோர்க்குக்கு வந்து இசை நாடகங்களிலே பாடி நடித்தார். 'கைடிங் லைட்' தொலைக்காட்சிக்கு வந்தபோது அதிலும் ஒரு பாத்திரம் ஏற்றார். அக்காலத்திலே பகல் நாடகம் என்பது மேடை நடிகர்களுக்கு ஒரு கைச்செலவுக்கான வேலை. இரவிலே மேடை, பகலிலே தொடர். யாரும் அதிலே ஓர் ஆயுளைச் செலவிடுவோம் என்று நினைத்து உள்ளே வருவதில்லை.

ஹெலனுக்கும் அந்த இடம் எளிதாக நிலைக்கவில்லை. அவர் கோப்பி ஊற்றுகிற விதம் ஏர்னா பிலிப்ஸுக்குப் பிடிக்கவில்லை என்றும், அதனால் ஆரம்பத்திலேயே அவரை நிறுத்திவிட்டுப் பின்னர் திரும்ப அழைத்தார்கள் என்றும் ஒரு கதை சொல்லப்படுவதுண்டு. கதை எப்படியாயினும் அதிலே ஒரு விடயம் இருக்கிறது. மற்ற நாடகங்களிலே இரண்டு பெரிய சம்பவங்களுக்கு நடுவே ஒரு கோப்பிக் கோப்பை வரும். இந்த நாடகத்திலோ இரண்டு கோப்பிக் கோப்பைகளுக்கு நடுவேதான் சம்பவமே வரும். ஆகவே அதனை ஊற்றுகிற கை முக்கியமானது.

நான்சியின் வேலை என்ன? கணவன் கிறிஸ் ஒரு சட்டத்தரணி. பிள்ளைகள், மாமனார், பின்னர் மருமகள், பேரப்பிள்ளைகள். ஊரிலே யாருக்கு மனம் நொந்தாலும் அவளுடைய குசினிக்கு வருவார்கள். அவள் கேட்பாள். சில சமயம் கண்டிப்பாள். பிழையான முடிவும் எடுப்பாள். ஆனால் கேட்பாள். பேசுகிறவனுடைய நடிப்பு எல்லோருக்கும் தெரியும். கேட்கிறவளுடைய நடிப்பை யார் கவனிக்கிறார்கள்? வானொலி நாடகம் கேட்டு வளர்ந்த நேயர்களுக்கு இது விளங்கும். ஒரு பாத்திரம் பேசும்போது மற்றப் பாத்திரம் விடுகிற ஒரு பெருமூச்சு, ஓர் 'உம்' என்ற ஒலி, அதற்குள்ளே ஒரு உறவு முழுவதும் இருக்கும்.

இன்னொன்றையும் மறந்துவிடக்கூடாது. 1975 வரை இந்த நாடகம் நேரடியாகவே ஒளிபரப்பாயிற்று. காலையில் ஒத்திகை, பிற்பகல் ஒன்றரை மணிக்கு நாடகம். வசனம் மறந்தால் மறந்ததுதான். கோப்பை விழுந்தால் விழுந்ததுதான். திருத்துவதற்கு இடமில்லை. மறுநாள் புதிய பிரதி. வாரத்துக்கு ஐந்து நாள். மேடை நாடகக்காரர் ஒரு நாடகத்தை மாதக்கணக்கில் மெருகேற்றுவார்கள். இவர்களுக்கோ ஒவ்வொரு நாளும் முதல் நாளும் அதுவே, கடைசி நாளும் அதுவே.

அந்த நேரடி ஒளிபரப்பு ஹெலன் வாக்னரைச் சரித்திரத்தின் ஒரு மூலையில் நிறுத்தியது. 1963 நவம்பர் 22ஆம் திகதி, வெள்ளிக்கிழமை. நாடகம் தொடங்கிப் பத்து நிமிடம். நான்சி தன் மாமனாரிடம் பேசிக்கொண்டிருக்கிறாள். மகன் பொப், தன்னை விட்டுப் பிரிந்த மனைவியையும் பிள்ளையையும் நன்றிகூறல் திருநாள் விருந்துக்கு அழைத்துவிட்டான் என்பது விடயம். சட்டென்று காட்சி மறைகிறது. செய்தி அறிவித்தல் என்ற எழுத்து மட்டும் திரையிலே. வோல்டர் குரொன்கைட்டின் குரல் கேட்கிறது. டலஸ் நகரில் ஜனாதிபதி கென்னடியை நோக்கிச் சுட்டுவிட்டார்கள்.

நடிக்கிறவர்களுக்கு அது தெரியாது. அமெரிக்கா முழுவதும் திகைத்து நிற்க, நாடகக் கூடத்திலே ஹெலன் வாக்னரும், மாமனாராக நடித்த சன்டோஸ் ஒட்டேகாவும் திருநாள் விருந்தைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தார்கள்.

இதனைச் சிலர் வேடிக்கையாகச் சொல்லுவதுண்டு. உலகமே தலைகீழாகும்போது இவர்கள் விருந்தைப் பற்றிப் பேசினார்களே என்று. ஆனால் யோசித்துப் பாருங்கள். அந்த நேரத்தில் அமெரிக்காவின் இலட்சக்கணக்கான வீடுகளிலே உண்மையான பெண்களும் அதைத்தான் பேசிக்கொண்டிருந்தார்கள். யாரைச் சாப்பாட்டுக்குக் கூப்பிடுவது, யார் யாரோடு கோபம், பிள்ளை இரண்டு வீட்டுக்கும் நடுவே எப்படி வளரப்போகிறது என்று. பெருஞ் சரித்திரம் வந்து கதவைத் தட்டும்போதெல்லாம் உள்ளே யாரோ ஒருத்தி அடுப்படியில்தான் நிற்கிறாள். நாடகம் அதனை எழுதிவைத்துக் காட்டவில்லை. தற்செயலாக, அது அப்படியே நடந்தது.

காலம் ஓடியது. இங்கேதான் இந்தக் கலையின் விசித்திரமான பகுதி வருகிறது. நாவலிலே ஒரு பாத்திரத்துக்கு வயது போவதை ஆசிரியர் ஒரு வரியில் எழுதிவிடுவார். மேடையிலே வெள்ளை பூசி நரையை வரவழைப்பார்கள். நான்சிக்கு வந்த நரை ஹெலனுடைய நரை. கிறிஸாக நடித்த டொன் மக்லோக்லின் முதல் நாளிலிருந்து அவருடைய கணவனாக நடித்தவர். 1986இல் அவர் காலமானார். கதையிலும் கிறிஸ் இறந்தார். முப்பது ஆண்டுகள் பக்கத்திலே நின்றவரை இழந்த ஒருத்தியின் முகம் திரையிலே தெரிந்தபோது, அதிலே எது நடிப்பு, எது துக்கம் என்று யார் பிரிக்க முடியும்?

எல்லா ஆண்டுகளும் நன்றாக இருந்தன என்று சொல்லமுடியாது. விளம்பரதாரருக்கு வேண்டியது இளம் வயதுப் பார்வையாளர். ஆகவே கதையும் இளையவர்களின் காதல், சதி, சாகசம் என்று திரும்பியது. தாயும் பாட்டியும் ஒதுக்குப்புறமானார்கள். 1980களின் முற்பகுதியில் சில ஆண்டுகள் ஹெலன் வாக்னர் தொடரிலேயே இல்லை. பின்னர் திரும்பி வந்தார். வந்தபின் அவருக்குக் கிடைத்த கனமான பகுதி, நான்சியின் இரண்டாவது கணவன் மக்ளொஸ்கி ஞாபகமறதி நோயினால் மெல்ல மெல்லத் தன்னை இழப்பதைப் பக்கத்திலிருந்து பார்ப்பது. வயோதிபப் பெண் ஒருத்தியின் மணவாழ்வைப் பகல் நாடகம் இவ்வளவு பொறுமையோடு காட்டியது அரிது. கடைசி ஆண்டுகளிலோ அவர் தோன்றிய நாட்கள் மிகக் குறைவு. திருநாட்களிலும் கலியாண வீடுகளிலும் வந்து நின்று ஆசி கூறுகிற முதியவராகவே பெரும்பாலும் வந்தார்.

2004ஆம் ஆண்டு பகல் நாடகத்துறையின் வாழ்நாள் சாதனை விருது அவருக்கும் அவர்போன்ற சில மூத்த கலைஞர்களுக்கும் வழங்கப்பட்டது. தொலைக்காட்சியிலே ஒரே வேடத்தை மிக நீண்ட காலம் ஏற்றவர் என்று கின்னஸ் நூலிலும் அவர் பெயர் இடம்பெற்றது. ஆனால் அதற்குள் அந்தக் கலையே மெலிந்துவிட்டது. பகலிலே வீட்டிலிருந்த பெண்கள் வேலைக்குப் போய்விட்டார்கள். வீட்டிலிருந்தவர்களுக்கும் பார்ப்பதற்குப் பல அலைவரிசைகள் வந்துவிட்டன. 2009 டிசம்பரில் தொடரை நிறுத்தப்போவதாக அறிவித்தார்கள். 2010 மே 1ஆம் திகதி, தொடர் முடிய நாலரை மாதம் இருக்கையில், தொண்ணூற்றொரு வயதில் ஹெலன் வாக்னர் காலமானார். கதையிலும் நான்சியின் மரணத்தை எழுதி, அவளை நினைவுகூர்ந்தார்கள்.

2010 செப்டெம்பர் 17ஆம் திகதி கடைசிப் பகுதி. மொத்தம் 13,858 பகுதிகள். அப்போது சவர்க்காரக் கம்பனி தயாரித்துவந்த தொடர்களில் கடைசியாக எஞ்சியிருந்ததும் அதுவே. டொக்டராகிய மகன் பொப் ஓய்வு பெற்றுத் தன் அறையை விட்டுப் புறப்படுகிறான். 1960 முதல் அந்த வேடத்தை ஏற்றிருந்தவர் டொன் ஹேஸ்டிங்ஸ். அவர் சொன்ன இறுதி வார்த்தை இரவு வணக்கம். தாய் காலை வணக்கம் சொல்லித் தொடங்கியதை மகன் இரவு வணக்கம் சொல்லி முடித்தான். ஐம்பத்து நான்கு ஆண்டுகள் ஒரு நாளாகிவிட்டன.

இனி ஆரம்பத்துக் கேள்வி. இது வீணான ஆயுளா? இசை கற்ற ஒரு நடிகை ஒரு குசினியிலேயே நின்றுவிட்டாரே என்று இரங்குவதா? அப்படி இரங்குவதற்கும் காரணம் இருக்கிறது. ஏற்றிருக்கக்கூடிய எத்தனையோ வேடங்களை அவர் ஏற்கவில்லை. எழுதுகிறவர்களும் விளம்பரதாரரும் விட்ட இடத்திலேதான் அவர் நிற்கவேண்டியிருந்தது. அந்தப் பதின்மூவாயிரத்துச் சொச்சம் பகுதிகளிலே இலக்கியம் என்று எடுத்து வைக்கத்தக்கவை எத்தனை என்று கேட்டால், மிகச் சிலவே என்றுதான் நானும் சொல்லுவேன்.

ஆனால் இலக்கியத்திலே நாம் எதைத் தேடுகிறோம்? ஒரு மனித வாழ்வு காலத்தோடு எப்படி மாறுகிறது, மாறாமல் எது நிற்கிறது என்பதைத்தானே? பெரிய நாவலாசிரியர்கள் அதை ஆயிரம் பக்கங்களிலே செய்தார்கள். ஹெலன் வாக்னர் அதைத் தம் முகத்திலே செய்தார். இளம் மனைவியாக அவரைப் பார்க்கத் தொடங்கிய ஒரு பெண், பாட்டியாகி, அவரையும் பாட்டியாகவே பார்த்தாள். அவளுடைய வீட்டிலே சாவு விழுந்தபோதும், பிள்ளை பிரிந்து போனபோதும், அந்த நேரத்துக்கு அந்த முகம் வந்து நின்றது. ஒருத்தியின் தனிமைக்கு வாக்குத் தவறாமல் வந்து துணையிருந்ததைச் சிறிய காரியம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

ஏளனமாகப் பெயர் சூட்டப்பட்ட ஒரு கலையிலே, மகத்தான வசனங்கள் எதுவுமில்லாமல், காலை வணக்கம் சொல்லிக் கோப்பி ஊற்றி, மற்றவர்கள் சொல்வதைக் கேட்டுக்கொண்டிருந்த ஒரு பெண்ணை இன்று நினைத்துக்கொண்டோம். நேயர்கள் வீட்டிலும், எந்தப் புத்தகத்திலும் எழுதப்படாமல், அதே வேலையை ஓர் ஆயுள் முழுவதும் செய்த ஒருவர் இருப்பார், அல்லது இருந்திருப்பார். அவரையும் சேர்த்து நினைத்துக்கொள்ளுங்கள்.